சுத்துக்கேணியில் ஒரு பாட்டுக்கட்டு



இல்லாத நூல் ஒன்றைத் தேடிச் சென்ற கதையை இம்முறை சொல்லப்போகிறோம். அதில் எங்களுக்குப் பெருமை ஏதும் இல்லை. இருப்பினும் சொல்லாமல் விடுவது இன்னும் பெரிய பிழையாகும் என்று தோன்றியதால் எழுதத் துணிந்தோம்.

பல ஆண்டுகளுக்கு முன் ஒரு தை மாதத்தில், எங்கள் வாசகர் வட்டத்து நண்பர் ஒருவர் வில்லியனூரிலிருந்து தொலைபேசியில் அழைத்தார். அவருடைய உறவினர் ஊரான சுத்துக்கேணியில் ஒரு வீட்டில் ஓலைச்சுவடிக் கட்டு ஒன்று இருப்பதாகவும், மூன்று தலைமுறைகளாக அதைப் பிரிக்காமல் சிவப்புத் துணியில் சுற்றி ஆயுத பூசையன்று மட்டும் பொட்டிட்டு வணங்கி வருவதாகவும் சொன்னார். வீட்டார் அதைப் 'பாட்டுக்கட்டு' என்கிறார்களாம். அதில் இருப்பதை முறைப்படி ஓதினால் கேட்பவருடைய நோய் தீரும், வானம் பொழியும் என்று ஊரில் ஒரு பேச்சும் உண்டாம்.

இது போதாதா? அடுத்த ஞாயிற்றுக்கிழமையே நாங்கள் நால்வர் புறப்பட்டுவிட்டோம். பேருந்தில் எங்கள் கற்பனைக்குக் கடிவாளமே இல்லை. தமிழிசையின் தொலைந்த நூல்கள் ஒன்றா இரண்டா? முதுநாரை, முதுகுருகு என்று இறையனார் களவியல் உரை பெயர் மட்டும் சொல்லிச் செல்கிறது. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதப் புகுந்த அடியார்க்குநல்லார், பழைய இசைநூல்கள் பல தம் காலத்துக்கு முன்பே இறந்துபட்டதைப் பதிவு செய்திருக்கிறார். அவர் குறிப்பிடும் நூல்களுள் ஒன்றான பஞ்சமரபு, தொலைந்தே போயிற்று என்று கருதப்பட்டு, பின்னர் வே. ரா. தெய்வசிகாமணிக் கவுண்டரின் முயற்சியால் 1973ஆம் ஆண்டில் அச்சேறியது. அப்படியிருக்க, சுத்துக்கேணியில் ஏன் ஒன்று இருக்கக் கூடாது? ஒலியின் தோற்றம், நாதத்துக்கும் உயிர்மூச்சுக்கும் உள்ள உறவு, சுரங்கள் ஒன்றோடொன்று இசையும் கணக்கு என்று அந்த நூலின் இயல்களை நாங்களே வகுத்தோம். 'நாத இரகசியம்' என்று பெயரும் சூட்டினோம். ஊர் வந்து சேர்வதற்குள் நூல் முழுவதையும் மனத்தில் எழுதி முடித்தாயிற்று!

சுத்துக்கேணி பழமைக்குப் புதிய ஊர் அன்று. அரிக்கமேட்டில் 1947 முதல் 1950 வரை அகழாய்வு நடத்திய பிரெஞ்சு அறிஞர் காசால், இவ்வூரின் பெருங்கற்கால ஈமக்காட்டையும் ஆராய்ந்தார். அவரும் அவர் துணைவியாரும் எழுதி 1956இல் பாரீசு நகரில் வெளிவந்த நூலின் தலைப்பிலேயே இவ்வூர்ப் பெயர் இடம்பெற்றிருக்கிறது. சங்கராபரணி ஆற்று நீரை ஊசுட்டேரிக்குக் கொண்டு சேர்க்கும் வாய்க்காலுக்கும் இவ்வூரின் பெயர்தான். அந்த வாய்க்காலை ஒட்டி, கரும்புத் தோட்டங்களுக்கு நடுவே நடந்து அந்த வீட்டை அடைந்தோம்.

பெரியவருக்கு எண்பது வயதுக்கு மேலிருக்கும். கண்பார்வை மங்கியிருந்தது. திண்ணையில் எங்களை உட்காரவைத்து, மருமகளிடம் மோர் கொண்டுவரச் சொன்னார். அவருடைய பாட்டனார் அதே திண்ணையில் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தியவர். கட்டில் இருப்பது அவர் கையெழுத்து.

"எங்க நைனா சொல்லுவாரு தம்பி, இதுல ஓசையோட உயிரு இருக்குதுன்னு. தெரியாதவங்க பிரிச்சா ஓசை போயிடும்னு. அதனால நானும் தொட்டதில்ல."

"இப்போது எங்களைப் பிரிக்கச் சொல்கிறீர்களே ஐயா?"

"இந்த வருசம் பூசைக்கு எடுக்கச்சொல்ல மாவு மாவாக் கொட்டிச்சு. பூச்சி உழுந்துட்டுது. எனக்கப்புறம் இதை யாரு பாக்கப்போறா? நான் இருக்கும்போதே அதுல என்னா இருக்குதுன்னு தெரிஞ்சுக்கணும். அவ்வளவுதான்."

நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். அவ்வளவு நேரம் விளையாட்டாக இருந்த காரியம், திடீரென்று பொறுப்பாக மாறியது.

கட்டைப் பிரித்தோம். மேல்சட்டத்தில் ஒன்று விரிசல் விட்டிருந்தது. இராமபாணப் பூச்சி ஓலைகளை ஊசி கொண்டு துளைத்தாற்போல ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை துளைத்திருந்தது. முதற்பகுதி ஓலைகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டையாகிவிட்டன. அவற்றை நாங்கள் தொடவில்லை. நடுவில் இருந்த அறுபது ஓலைகள்வரை பிரிக்க முடிந்தது. மஞ்சளும் விளக்குக்கரியும் சேர்த்து மையாடிய பிறகு எழுத்துகள் மெல்லத் தெளிந்தன.

ஓலை படித்துப் பழகாத வாசகர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பழைய சுவடிகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இராது. எகரமும் ஏகாரமும், ஒகரமும் ஓகாரமும் ஒன்றுபோலவே இருக்கும். ரகரத்துக்கும் துணைக்காலுக்கும் ஒரே வடிவம். சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி கிடையாது. ஆகையால் ஓலையில் என்ன இருக்கிறது என்பதை முன்பே ஓரளவு அறிந்தவரே அதைப் படிக்க இயலும். எங்களுள் சுவடிப் பயிற்சி உள்ள நண்பர் ஓர் ஓலையை வெயிலில் பிடித்துக்கொண்டு ஒவ்வோர் எழுத்தாகச் சொல்லிக்கொண்டிருந்தார். மூன்றாம் சொல்லுக்கு மேல் நகர முடியவில்லை. பூச்சித்துளை ஒன்று சரியாக அங்கே குறுக்கிட்டது.

அப்போது, கண்ணை மூடிக்கொண்டு கேட்டிருந்த பெரியவர் அந்த அடியின் எஞ்சிய பகுதியைத் தாமாகவே சொன்னார். அடுத்த அடியையும் சொன்னார். நண்பர் ஓலையைப் பார்த்தார். எழுத்துகள் ஒவ்வொன்றாக வந்து அந்தச் சொற்களில் அமர்ந்துகொண்டன. துளை விழுந்த இடத்தில் என்ன இருந்திருக்கும் என்பதும் விளங்கிவிட்டது.

அது தேவாரம். சுத்துக்கேணியிலிருந்து அதிகத் தொலைவில்லாத திருவடுகூர் மீது சம்பந்தர் பாடிய பதிகம். திருவாண்டார்கோயில் என்று இன்று வழங்கும் தலம் அதுதான். பதிகத்தின் தலைப்பில் 'குறிஞ்சி' என்று பண்ணின் பெயர் எழுதியிருந்தது. அதற்கு மேல் இசை பற்றி ஓலையில் ஒரு சொல்லும் இல்லை. மற்ற ஓலைகளிலும் பதிகங்களே இருந்தன. நாத இரகசியமும் இல்லை, நோய் தீர்க்கும் மந்திரமும் இல்லை.

இதைப் பெரியவரிடம் எப்படிச் சொல்வதென்று தயங்கினோம். மூன்று தலைமுறை நம்பிக்கை அல்லவா? ஒருவாறு சொல்லி முடித்தோம். அவர் சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு சிரித்தார்.

"அப்ப எனக்குத் தெரிஞ்சதுதான் இத்தினி வருசமா உள்ள இருந்துதா?"

அந்தச் சிரிப்பில் ஏமாற்றம் எவ்வளவு, ஆறுதல் எவ்வளவு என்பதை இன்றுவரை எங்களால் பிரித்தறிய முடியவில்லை.

* * *

இந்த இடத்தில் ஒரு பழங்கதையை நினைவுபடுத்திக்கொள்ள வேண்டும். தெரிந்த கதைதான். ஆனால் அன்று சுத்துக்கேணித் திண்ணையில் அமர்ந்திருந்த எங்களில் ஒருவருக்கும் அது நினைவுக்கு வரவில்லை.

உமாபதி சிவாசாரியார் இயற்றியதாக வழங்கும் திருமுறைகண்ட புராணம் கூறும் வரலாறு இது. மூவர் பாடிய பதிகங்கள் ஓர் இலட்சத்து மூவாயிரம் என்றும், அவற்றின் சுவடிகள் தில்லைக் கோயிலில் ஓர் அறையில் மூவரின் கை இலச்சினையோடு பூட்டப்பட்டிருந்தன என்றும் அப்புராணம் சொல்கிறது. நம்பியாண்டார் நம்பியின் துணையோடு சோழ மன்னன் அந்த அறையைத் திறந்தபோது, சுவடிகளைக் கறையான் புற்று மூடியிருந்தது. எண்ணெய் சொரிந்து புற்றைக் கரைத்து எடுத்தவை போக, மற்றவை மண்ணாயின. இன்று நமக்குக் கிடைப்பவை ஏறத்தாழ எண்ணூறு பதிகங்களே.

பெரும்பாலும் நாம் கதையை இங்கேயே நிறுத்திவிடுகிறோம். புராணம் நிறுத்தவில்லை. சொற்கள் கிடைத்துவிட்டன. ஆனால் எப்படிப் பாடுவது? பண் தெரியவில்லை. மன்னனும் நம்பியும் மீண்டும் இறைவனிடமே முறையிட்டனர். இம்முறை எந்த அறையையும் திறக்கும்படி கட்டளை வரவில்லை. எருக்கத்தம்புலியூரில், திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் பிறந்த ஒரு பெண்ணுக்குப் பண்களை அருளியிருக்கிறோம், அவளிடம் செல்க என்றே அசரீரி ஒலித்தது. விருத்தாசலத்துக்கு அருகில் இராசேந்திரப்பட்டினம் என்ற பெயரில் இன்றும் இருக்கும் ஊர் அது. பாணர் குலத்துப் பெண் ஒருத்தி தில்லைக்கு வந்து, பொன்னம்பலத்தின் முன் நின்று பாடினாள். அவ்வாறே பண்கள் மீண்டன என்கிறது புராணம்.

இதை நடந்த நிகழ்ச்சியாக அப்படியே கொள்வதில் இடர் உண்டு. இராசராசனுக்கு ஒரு நூற்றாண்டுக்கும் முன்பே திருவல்லத்துக் கல்வெட்டொன்று, கோயிலில் திருப்பதியம் பாடுவார்க்கு அளித்த கொடையைக் குறிப்பிடுகிறது. தஞ்சைப் பெரிய கோயிலில் பதியம் பாட இராசராசன் நியமித்த பிடாரர்கள் நாற்பத்தெண்மர். உடுக்கை வாசிக்க ஒருவரும் கொட்டி மத்தளம் வாசிக்க ஒருவரும் சேர்த்து ஐம்பதின்மர். ஓரிடத்தில் அறை பூட்டிக் கிடந்திருக்கலாம். ஆனால் ஊர் ஊராகப் பாடிய வாய்கள் பூட்டிக் கிடக்கவில்லை. புராணமும் கல்வெட்டும் எந்த அளவுக்கு முரண்பட்டாலும், இந்த ஒன்றில் இரண்டும் ஒத்துப்போகின்றன. சொல் ஏட்டில் தங்கலாம். ஓசை மிடற்றில்தான் தங்கும்.

எங்கள் புதுவை மாநிலத்திலேயே இதற்கு மற்றொரு சான்று உண்டு. காரைக்காலை அடுத்த திருத்தருமபுரம், யாழ்ப்பாணருடைய தாய் பிறந்த ஊர். சம்பந்தரின் பாடல்கள் சிறப்பது யாழ்ப்பாணரின் யாழால்தான் என்று அவருடைய சுற்றத்தார் அங்கே பேச, அதைக் கேட்டு மனம் நொந்த யாழ்ப்பாணர், யாழில் அடங்காத பதிகம் ஒன்றைப் பாடியருளுமாறு சம்பந்தரை வேண்டினார். சம்பந்தர் பாடினார். யாழ்ப்பாணரின் விரல்கள் தோற்றன. கருவியையே உடைக்க ஓங்கிய அவரைச் சம்பந்தர் தடுத்து, கருவியில் வந்த அளவு வாசித்தால் போதும் என்று தேற்றியதாகச் சேக்கிழார் பாடுகிறார். தேவாரத்தின் முதல் திருமுறையில் இறுதிப் பதிகமாக, 'யாழ்மூரி' என்ற பெயருடன் அது இன்றும் இருக்கிறது. யாழுக்கே அடங்காத ஒன்றை எழுத்தாணி எப்படி அடக்கும்?

பின்னாளில் அறிஞர்கள் பட்ட பாடும் இதையே சொல்கிறது. ஆபிரகாம் பண்டிதர் 1917இல் கருணாமிர்த சாகரத்தை வெளியிட்டதும், விபுலானந்த அடிகள் பல்லாண்டு உழைத்து 1947இல் திருக்கொள்ளம்பூதூரில் யாழ்நூலை அரங்கேற்றிவிட்டு அதே ஆண்டில் மறைந்ததும் தமிழிசை வரலாற்றின் பெருநிகழ்வுகள். இன்ன பண்ணுக்கு இன்ன இராகம் என்று உறுதி செய்வதற்காகச் சென்னைத் தமிழிசைச் சங்கம் 1949 முதல் பண்ணாராய்ச்சிக் கூட்டங்களை நடத்தி வந்தது. ஓலையில் 'குறிஞ்சி' என்று எழுதியிருப்பதே போதுமானால், இத்தனை ஆராய்ச்சி எதற்கு? அந்தக் கூட்டங்களுக்கு ஓதுவார்களும் வந்து பாடிக்காட்டினார்கள். ஏட்டுத் தலைப்புக்குப் பொருள் சொல்ல, மறுபடியும் மிடறுதான் தேவைப்பட்டது.

* * *

இனி எங்கள் பிழையைச் சொல்கிறோம்.

ஓலைகளை எல்லாம் ஒவ்வொன்றாகப் படம் எடுத்தோம். இருபுறமும், அளவுகோல் வைத்து, நிழல் விழாமல். அந்த வேலையை நன்றாகவே செய்தோம். சைவ ஆகமச் சுவடிகளைப் பாதுகாத்துவரும் புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தைப் பற்றிப் பெரியவருக்கு எடுத்துச் சொன்னோம். புதுச்சேரியிலுள்ள சைவச் சுவடித் தொகுதிகள் 2005இல் யுனெசுகோவின் உலக நினைவகப் பதிவேட்டில் இடம்பெற்றதைச் சொன்னபோது அவர் முகம் மலர்ந்தது. கட்டை மறுபடி கட்டினோம். புறப்பட எழுந்தோம்.

"ஒரு தபா முழுசாப் பாடட்டுமா? நீங்க இவ்வளவு தூரம் வந்தீங்களே" என்றார்.

பாடினார். சம்மணமிட்டு, தொடையில் தாளம் போட்டுக்கொண்டு, தேய்ந்த குரலில் பாடினார். கோயில்களில் ஓதுவார்கள் பாட நாங்கள் கேட்ட மெட்டு அன்று அது. சில இடங்களில் நடவுப் பாட்டைப்போல இழுத்தது. சில இடங்களில் பேச்சைப்போலச் சட்டென்று விழுந்தது. அடியின் முடிவில் ஒரு விசித்திரமான தூக்கல் இருந்தது. அப்படியொன்றை நாங்கள் வேறெங்கும் கேட்டதில்லை.

நான்கு பாடல்கள் முடிந்திருக்கும். எங்களுள் இசை பயின்ற நண்பர், நல்லெண்ணத்தோடுதான், சொன்னார்: "ஐயா, இது குறிஞ்சிப் பண். அரிகாம்போதியில் பாட வேண்டும். நீங்கள் பாடுவது வேறு மாதிரி இருக்கிறது."

பெரியவர் நிறுத்திவிட்டார். "அப்படிங்களா? எங்க நைனா இப்படித்தான் சொல்லிக் குடுத்தாரு. தப்பா இருந்தாலும் இருக்கும்" என்றார். நண்பர் மெதுவாக அரிகாம்போதியில் பாடிக்காட்டினார். பெரியவர் தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார். மறுபடி அவர் பாடவில்லை. நாங்களும் பாடச் சொல்லவில்லை. கடைசிப் பேருந்துக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. எங்கள் பையில் ஒலிப்பதிவுக் கருவி இருந்தது. அது அன்று வெளியே வரவே இல்லை.

நண்பரை மட்டும் குறைசொல்லிப் பயனில்லை. அவர் சொன்னதைக் கேட்டு நாங்கள் மூவரும் 'ஆம், ஆம்' என்று தலையாட்டியவர்கள். இன்றைய ஓதுவார் மரபில் குறிஞ்சிக்கு அரிகாம்போதி என்பது உண்மையே. ஆனால் அந்தப் பெரியவர் பாடியது எது? பாட்டனாரின் திண்ணைப் பள்ளியிலிருந்து வந்த பழைய மெட்டா? இப்பக்கத்துக் கூத்து மேடையிலிருந்து ஒட்டிக்கொண்டதா? அல்லது வெறும் மறதியால் திரிந்ததா? மூன்றில் எதுவும் இருக்கலாம். எருக்கத்தம்புலியூர்ப் பெண்ணின் கதையைச் சொல்லி அவரைப் பெரும் மரபொன்றின் கடைசிக் கண்ணியாக ஆக்க எங்களுக்கு விருப்பமில்லை. எது என்று கேட்டறியும் வாய்ப்பு ஒருமுறை கைக்கு வந்தது. அதை நாங்கள் ஒரு திருத்தத்தால் மூடினோம் என்பதே எங்கள் வருத்தம்.

அவருடைய தந்தையார் எச்சரித்திருந்தாரல்லவா, தெரியாதவர்கள் பிரித்தால் ஓசை போய்விடும் என்று? அதை மூடநம்பிக்கை என்று வழியெல்லாம் பேசிக்கொண்டு போனவர்கள் நாங்கள்.

மறு ஆண்டு மார்கழிக்குப் பதிவுக் கருவியோடு போனோம். பெரியவர் ஐப்பசி மழையில் காய்ச்சல் கண்டு மறைந்துவிட்டிருந்தார். மருமகள்தான் வரவேற்றார். பாட்டுக்கட்டு சாமி மாடத்தில் புதுத்துணி சுற்றிப் பத்திரமாக இருந்தது. பூச்சி வராமல் வசம்பு வைத்திருந்தார்கள்.

"மாமா பாடினது வீட்டுல யாருக்காவது வருமா அம்மா?"

"மார்கழியில விடிகாலையில அவரு பாடுவாரு. நான் வாசல்ல கோலம் போட்டுக்கினே கேப்பேன். முப்பது வருசமாக் கேட்டிருக்கேன். கேட்டா இதுதான்னு சொல்லிடுவேன். பாட வராது" என்றார்.

திரும்பும் வழியில், பேருந்தின் கடைசி இருக்கையில் அமர்ந்து, அந்த மெட்டை நினைவிலிருந்து மீட்க முயன்றோம். முதல் அடியை ஒருவர் முனகினார். "இல்லை, இப்படி" என்றார் மற்றவர். மூன்றாமவர் பாடியது இரண்டுமாக இல்லை. இசை பயின்ற நண்பருக்கு எப்படிப் பாடினாலும் அரிகாம்போதியே வந்தது. வில்லியனூர் வரும் முன்பே அவர் பேச்சை நிறுத்திக்கொண்டு சன்னலுக்கு வெளியே பார்க்கத் தொடங்கிவிட்டார்.

அறுபது ஓலைகளின் படங்களும் எங்களிடம் இருக்கின்றன. அவற்றில் உள்ள பதிகங்கள் அனைத்தும் ஏற்கெனவே அச்சில் இருப்பவை. பிரெஞ்சு நிறுவனம் 1984இலும் 1985இலும் தி. வே. கோபாலையரையும் பிரான்சுவா குரோவையும் பதிப்பாசிரியர்களாகக் கொண்டு தேவாரத்தைச் செம்பதிப்பாகவே வெளியிட்டிருக்கிறது. எங்கள் படங்கள் இல்லாமற்போனாலும் தமிழுக்கு ஒரு சொல்கூடக் குறையாது.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டிலோ ஊரிலோ பெரியவர் ஒருவர் பழைய பாட்டொன்றைத் தாம் கேட்டபடி பாடுகிறார் என்றால், முதலில் முழுவதையும் பதிவு செய்துகொள்ளுங்கள். இன்று அதற்குத் தனிக்கருவிகூடத் தேவையில்லை, கையில் உள்ள கைப்பேசியே போதும். யாரிடம் கற்றார், எந்த வயதில் கற்றார் என்று கேட்டு எழுதிவையுங்கள். அவர் பாடுவது சரியா தவறா என்பதை, அவரை அனுப்பிவைத்த பிறகு, நிதானமாக வாதிடலாம்.

அந்த மருமகளிடம் நாங்கள் இன்னொரு முறை போக வேண்டும். நால்வரும் எங்களுக்கு வந்தபடி பாடிக்காட்டினால், எது அவர் மாமனாருடைய மெட்டுக்குக் கிட்டத்தில் இருக்கிறது என்று அவர் சொல்லக்கூடும். கேட்டால் சொல்லிவிடுவேன் என்று சொன்னாரே. இத்தனை ஆண்டுகளாக நாங்கள் ஏன் போகவில்லை என்று கேட்டால், வெட்கம் என்பதைத் தவிர வேறு விடையில்லை.